எஸ்இசி சாம்பியன்ஷிப்: கீழே எண்ட் ஜோனா, மேலே சைட்லைனா? அப்பாவுக்கு முழங்கால் வலி வேறு

கம்மிங்_குமார்

வணக்கம் நண்பர்களே. பதினோரு வருடமாக அட்லாண்டா பக்கம் குப்பை கொட்டுகிறேன், இதுவரை ஒரு அமெரிக்கக் காலேஜ் ஃபுட்பால் மேட்ச் கூட நேரில் பார்த்ததில்லை. மகள் இப்போது யுஜிஏவில் (ஜார்ஜியா பல்கலைக்கழகம்) இரண்டாம் வருடம், அவள் புண்ணியத்தில் வீட்டில் எல்லோருக்கும் பைத்தியம் பிடித்துவிட்டது. ஜார்ஜியா அணி எஸ்இசி (தென்பகுதிக் கல்லூரிகளின் லீக்) ஃபைனலுக்கு வந்தால் டிசம்பர் முதல் சனிக்கிழமை மெர்சிடிஸ்-பென்ஸ் ஸ்டேடியத்துக்குப் போயே தீருவது என்று முடிவு. மகள் தோழிகளோடு போய்விடுவாள். மீதி நாங்கள் நான்கு பேர்: நான், மனைவி, 9 வயதுப் பையன், ஊரிலிருந்து வந்திருக்கும் அப்பா. அப்பாவுக்கு 70 ஆகிறது, முழங்கால் சரியில்லை. ஆனால் டிவியில் மேட்ச் பார்த்துப் பார்த்து எங்களைவிட அவருக்குத்தான் ஆர்வம் அதிகம்.

மறுவிற்பனைத் தளத்தில் மூன்று இடங்களைக் குறித்து வைத்திருக்கிறேன், மூன்றும் ஏறக்குறைய ஒரே விலை. ஒன்று கீழ் அடுக்கில் எண்ட் ஜோனுக்கு (பந்தைக் கொண்டு சேர்க்க வேண்டிய முனைப் பகுதி) பின்னால், 6-வது வரிசை. இன்னொன்று 300-ல் (அதாவது மேல் அடுக்கில்) சைட்லைன் பக்கம், மைதானத்தின் நீள ஓரத்தில், கிட்டத்தட்ட நடுவில், முன் வரிசைகள். மூன்றாவது கீழ் அடுக்கு மூலை, ரொம்பப் பின்னால். கைக்கெட்டும் தூரத்தில் ஆட்டக்காரர்களைப் பார்க்கலாம் என்று பையன் முதலாவதைக் கேட்கிறான். எதை எடுப்பது? இப்போதே வாங்கலாமா, காத்திருக்கலாமா?

மேல்மாடி_வாசி

இரண்டாவது. யோசிக்கவே வேண்டாம்.

கிட்ட உட்கார்ந்தால் நன்றாகத் தெரியும் என்பது இந்த ஆட்டத்துக்குப் பொருந்தாது குமார். கிரிக்கெட்டில் பௌலரின் கைக்குப் பின்னால் உட்கார்ந்தவனுக்குத்தான் பந்து எந்தப் பக்கம் திரும்புகிறது என்று தெரியும், மிட்விக்கெட் பக்கம் இருப்பவன் ஸ்டம்ப் பறந்த பிறகு கத்துவான். ஃபுட்பாலிலும் அந்த மாதிரி ஒரு கோணம் இருக்கிறது, ஆனால் அது உயரத்தில் இருக்கிறது. மைதானம் 100 யார்டு நீளம், இரண்டு முனையிலும் தலா 10 யார்டு எண்ட் ஜோன். 6-வது வரிசையில் உங்கள் கண், ஆட்டக்காரர்களின் தலையை விடக் கொஞ்சம்தான் மேலே இருக்கும். எதிர் முனையில் ஆட்டம் நடக்கும்போது ஹெல்மெட்டுகள் ஒரு குவியலாகத் தெரியும், பந்து மூன்று யார்டு போனதா பதிமூன்று போனதா என்று புரியாது. அப்புறம் எல்லோரும் தலையைத் தூக்கி ஸ்க்ரீனைப் பார்ப்பார்கள், நீங்களும் பார்ப்பீர்கள். அந்தக் கூரையில் வளையம் மாதிரி சுற்றிப் போகும் ஸ்க்ரீன் 58 அடி உயரம், பிரமாதமாக இருக்கும், அதில் சந்தேகமில்லை. ஆனால் கீழேயிருந்து நாலு மணி நேரம் அண்ணாந்து பார்த்துவிட்டு மறுநாள் கழுத்தில் தைலம் தடவ வேண்டியதுதான்.

ஒரு உதாரணம். 2018 ஜனவரி 8, இதே ஸ்டேடியம், தேசிய சாம்பியன்ஷிப், ஜார்ஜியாவும் அலபாமாவும். ஓவர்டைமில் ஜார்ஜியா 23-20 என்று முன்னால். அலபாமாவின் முதல் பிளேயிலேயே, பந்தை எறியும் டுவா டகோவைலோவாவை 16 யார்டு பின்னால் தள்ளி விழுத்திவிட்டோம். இரண்டாவது டவுன் (நாலு முயற்சியில் இரண்டாவது), 26 யார்டு வேண்டும். என்னைச் சுற்றி இருந்தவர்கள் கட்டிப்பிடிக்க ஆரம்பித்துவிட்டார்கள். நான் 300-ல் ஒரு மூலையில் இருந்தேன். பந்து கைக்கு வந்ததும் டுவா முதலில் வலப்பக்கம் பார்க்கிறார், இடது ஓரத்தில் டெவான்டா ஸ்மித் நேராக ஓடிக்கொண்டிருக்கிறார், அந்தப் பக்கம் வந்து மூட வேண்டிய சேஃப்டி (நம் கடைசித் தடுப்பு ஆட்டக்காரர்) நடுவிலேயே நிற்கிறார். அந்தக் காலி இடம், பந்து கையை விட்டுக் கிளம்பும் முன்பே எனக்குத் தெரிந்தது. வாயிலிருந்து சத்தம் வரவில்லை. 41 யார்டு, டச்டவுன் (எண்ட் ஜோனுக்குள் பந்து, ஆறு புள்ளி), 26-23, முடிந்தது கதை. கீழே இருந்த என் நண்பனுக்கு, பந்து ஸ்மித் கையில் விழுந்த பிறகுதான் அங்கே ஒரு ஆள் இருந்ததே தெரியும். அதைப் பார்க்காமல் இருந்திருந்தால் நல்லது என்று இன்றும் சில நாள் தோன்றும், அது வேறு விஷயம்.

இன்னொன்று, கீழ் அடுக்கில் சைட்லைன் பக்கம் முதல் பத்து வரிசை மலிவாகக் கிடைத்தாலும் தாவி விடாதீர்கள். ஆட்டக்காரர்கள், பயிற்சியாளர்கள், கேமராக்காரர்கள் எல்லோரும் மைதானத்தின் ஓரத்தில் வரிசையாக நிற்பார்கள். ஆட்டத்துக்குப் பதில் அவர்கள் முதுகைத்தான் பார்ப்பீர்கள்.

நாய்க்குட்டி_09

மேல்மாடி அண்ணன் சொல்வது எல்லாம் சரி, ஆனால் அவர் பரீட்சைக்குப் படிப்பது போல மேட்ச் பார்ப்பவர். 9 வயதுப் பையனைக் கூட்டிக்கொண்டு போகிறீர்கள், அவன் சேஃப்டி எங்கே நின்றார் என்றா பார்க்கப் போகிறான்?

2024-ல் டெக்ஸஸ் மேட்சுக்கு எண்ட் ஜோன் பின்னால்தான் இருந்தேன், பத்தோ பதினொன்றோ வரிசை. முதல் பாதி முழுக்க எல்லாம் மறு முனையில்தான் நடந்த மாதிரி ஒரு எரிச்சல், பணத்தைக் கரியாக்கிவிட்டோமே என்று நினைத்தேன். 16-16, ஓவர்டைம். காலேஜ் ஓவர்டைமில் இரண்டு அணியும் 25 யார்டிலிருந்து ஒரே முனையை நோக்கித்தான் ஆடும், அந்த முனை எங்கள் முனையாக அமைந்தது. டெக்ஸஸ் ஃபீல்டு கோல் (உதைத்து எடுக்கும் மூன்று புள்ளி) அடித்தது. அப்புறம் பந்தை எறியும் நம் பையன் கன்னர் ஸ்டாக்டனை அடித்த அடியில் ஹெல்மெட்டே கழன்று போனது, விதிப்படி ஒரு பிளே வெளியே நிற்க வேண்டும். முதல் பாதியிலேயே கையில் அடிபட்டு உட்கார்ந்திருந்த கார்சன் பெக் உள்ளே வந்து பந்தைக் கைமாற்றிக் கொடுக்க, ட்ரெவர் எட்டியென் அதை வாங்கிக்கொண்டு எங்களை நோக்கி ஓடி வருகிறார். 22-19. முன்பின் தெரியாத ஒரு பெரியவர் என்னைத் தூக்கிச் சுற்றினார். இதெல்லாம் 300-ல் கிடைக்குமா?

லாட்டரிதான், ஒத்துக்கொள்கிறேன். எதிர் முனையை எடுத்திருந்தால் இந்தக் கதையே இல்லை. ஆனால் 6 வேண்டாம், 15-க்கு மேல் பாருங்கள், கோல் கம்பத்துக்கு நேர் பின்னால் இல்லாமல் கொஞ்சம் தள்ளி.

இடைவேளையில் கல்லூரிப் பிள்ளைகள் ராட்சத டாக்டர் பெப்பர் டப்பாவின் ஓட்டைக்குள் பந்தை எறிந்து படிப்புச் செலவுக்கு ஒரு லட்சம் டாலர் ஜெயிக்கும் போட்டி நடக்கும். யாரும் ஒழுங்காக எறிய மாட்டார்கள், இரண்டு கையாலும் நெஞ்சிலிருந்து தள்ளித் தள்ளி விடுவார்கள். பையனுக்கு அதுதான் ரொம்பப் பிடிக்கும், எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

டன்வுடி_அம்மா

தம்பி, இரண்டு பேரும் உங்கள் அப்பாவை மறந்துவிட்டு எழுதுகிறார்கள். முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது, இந்த மேட்சில் யாரும் உட்கார மாட்டார்கள். கீழ் அடுக்கில், அதுவும் ஜார்ஜியாக் கூட்டம் நடுவில், தொடக்கத்திலிருந்து கடைசி வரை நின்றுகொண்டேதான் இருப்பார்கள். முக்கியமான மூன்றாவது டவுன் என்றால் மேல் அடுக்கும் எழுந்துவிடும். உங்கள் அப்பா உட்கார்ந்தால் முன்னால் இருப்பவரின் பேன்ட் பாக்கெட்டைத்தான் பார்ப்பார். மூன்றரை மணி நேரம்.

என் மாமனாரை இப்படித்தான் ஒரு மேட்சுக்குக் கூட்டிப் போய், 300-ல் இருபதாவது வரிசைக்குப் படி ஏற வைத்து, பாதியில் அவர் என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே. அந்த மேல் அடுக்குப் படிகள் செங்குத்து. இறங்கும்போதுதான் முழங்கால் உண்மையைச் சொல்லும்.

நீங்கள் தேட வேண்டியது அணுகல் வசதி உள்ள இருக்கைகள், தளங்களில் சக்கர நாற்காலிக் குறியோடு இருக்கும். அது சக்கர நாற்காலியில் வருபவருக்கு மட்டும் இல்லை, படி ஏற முடியாதவர்களுக்கும்தான். ஏடிஏ என்ற மாற்றுத்திறனாளிகள் சட்டப்படி தேவைப்படுபவர் ஒருவர், பக்கத்தில் துணைக்கு மூன்று பேர் வரை வாங்கலாம், இடம் இருக்கும் பட்சத்தில். உங்கள் கணக்கு அப்படியே நாலு. எனக்கே பிறகுதான் தெரிந்த ஒரு விஷயம்: மக்கள் எழுந்து நிற்கும் அரங்குகளில், நிற்பவர்களின் தலைக்கு மேல் பார்வை போகும் மாதிரித்தான் சக்கர நாற்காலி இடங்களை அமைக்க வேண்டும் என்று அந்த விதிகளிலேயே இருக்கிறது. அடுத்த முறை மாமனார் உட்கார்ந்தபடியே முழு மேட்சும் பார்த்தார், நாங்கள்தான் எழுந்து எழுந்து அவருக்கு இடைஞ்சல்.

சாதாரண டிக்கெட்டை மறுவிற்பனையில் வாங்கிவிட்டாலும் பரவாயில்லை, அணுகல் இருக்கை காலியாக இருந்தால் மாற்றிக் கேட்க உரிமை உண்டு. ஆனால் மேட்ச் அன்று போய் நிற்காதீர்கள், முன்கூட்டியே ஸ்டேடியத்துக்கு ஃபோன் செய்து பேசுங்கள்.

காரில் போகாதீர்கள். டன்வுடியிலோ நார்த் ஸ்பிரிங்ஸிலோ விட்டுவிட்டு மார்ட்டா ரயிலில் ரெட் லைன், ஃபைவ் பாயின்ட்ஸில் இறங்கி ப்ளூ அல்லது கிரீன் மாறினால் ஸ்டேடியம் பக்கத்திலேயே விட்டுவிடும். ஆளுக்கு 2.50 டாலர். முடிந்ததும் உடனே ஓடாமல் அரை மணி நேரம் சீட்டிலேயே இருங்கள், பிளாட்பாரத்தில் அந்த நெரிசலில் அப்பாவை நிறுத்த முடியாது. கூரை மூடியிருந்தால் சத்தம் காதைப் பிளக்கும், பையனுக்குக் காது மூடி எடுத்துக்கொள்ளுங்கள். மருந்து, தண்ணீர் பாட்டில் என்று பெரிய பை தூக்கிக்கொண்டு போனால் வாசலிலேயே திருப்பி அனுப்பிவிடுவார்கள், கண்ணாடி மாதிரி உள்ளே தெரியும் பைதான், 12-க்கு 12-க்கு 6 அங்குலம். உள்ளே ரொக்கம் செல்லாது, கார்டு வேண்டும்.

ஏமாந்த_சோணகிரி

வாங்குவது பற்றி மட்டும் சொல்கிறேன், பெயருக்கு ஏற்ற அனுபவம்.

நான்கு டிக்கெட் "சேர்ந்து" என்று போட்டிருந்தார்கள், வாங்கினேன். வந்தது 11-வது வரிசையில் இரண்டு, 12-வது வரிசையில் இரண்டு. கேட்டால் கீழே பொடி எழுத்தில் பிக்கிபேக் என்று இருக்கிறதாம், அதாவது முன்னும் பின்னும். மனைவியின் பின்னந்தலையைப் பார்த்துக்கொண்டே மேட்ச் பார்த்தேன். அதனால் வரிசை எண், சீட் எண் இரண்டையும் பாருங்கள். வரிசை எண்ணே இல்லாமல் "கீழ் அடுக்கு, மூலை" என்று மொட்டையாகப் போட்டிருந்தால் விற்பவர் கையில் இன்னும் டிக்கெட்டே இல்லாமல் இருக்கலாம், அந்தப் பக்கமே போகாதீர்கள். டிக்கெட் எல்லாம் மொபைலில்தான், முறையாக உங்கள் கணக்குக்கு டிரான்ஸ்ஃபர் ஆக வேண்டும். ஸ்க்ரீன்ஷாட் அனுப்புகிறேன், பணத்தை ஸெல்லில் (பணம் அனுப்பும் ஆப்) போடு என்பவன் திருடன்.

எப்போது வாங்குவது? எஸ்இசியில் 2024-லிருந்து கிழக்கு மேற்கு பிரிவு கிடையாது, பட்டியலில் முதல் இரண்டு அணிகள் மோதும். யார் யார் என்பது பெரும்பாலும் நவம்பர் கடைசியில் தேங்க்ஸ்கிவிங் வார சனிக்கிழமை இரவுதான் தெளிவாகும். அந்த இரவில் இரண்டும் ஒன்றாக நடக்கும்: ஜெயித்த ஊர்க்காரன் ஆவேசத்தில் வாங்குவான், தன் அணி வரும் என்று நம்பி முன்பே வாங்கி வைத்தவன் விற்க ஆரம்பிப்பான். ஜார்ஜியா பல்கலைக்கழகம் இருக்கும் ஏதென்ஸ் இங்கிருந்து 70 மைல்தான், ஜார்ஜியா உள்ளே வந்தால் ஹோட்டல், விமானம் எதுவும் தேவையில்லாத ஒரு படை கிளம்பும், விலை ஏறும். நான் என்றால் ஞாயிறு அன்று தொடவே மாட்டேன், செவ்வாய் புதனில் பார்ப்பேன். இறங்கியே தீரும் என்று சத்தியம் செய்ய முடியாது. இப்போது தேசியப் பட்டத்துக்குப் பன்னிரண்டு அணி பிளேஆஃப் வந்துவிட்டதால், இதில் காசைக் கொட்டாமல் அதற்குச் சேர்த்து வைப்பவர்களும் இருக்கிறார்கள்.

கட்டணம் எல்லாம் சேர்த்த மொத்த விலையை முதலிலேயே காட்ட வேண்டும் என்று 2025 மே மாதத்திலிருந்து விதி. வேறு மாதிரி காட்டும் தளத்தை மூடிவிட்டு வாருங்கள்.

கம்மிங்_குமார்

எல்லோருக்கும் நன்றி. டன்வுடி அக்கா, நான்கு பேர் கணக்கை அப்பாவிடம் சொன்னேன். "நான் என்ன நொண்டியா" என்று ஒரு மணி நேரம் கோபம். முன்னால் இருப்பவன் பேன்ட் பாக்கெட் கதையைச் சொன்னதும் "சரி, அந்தச் சீட்டையே பார்" என்றார். ஆகவே மேல் அடுக்கு சைட்லைனில் அணுகல் இருக்கை, கிடைக்காவிட்டால் ஏறி இறங்கப் படி குறைவாக இருக்கும் வரிசையில் ஓரச் சீட். தேங்க்ஸ்கிவிங் வரை கையைக் கட்டிக்கொண்டு இருக்கிறேன். பையனுக்கு மட்டும் ஏமாற்றம். மேட்ச் தொடங்கும் முன் சீக்கிரம் போய், கீழே எவ்வளவு தூரம் விடுகிறார்களோ அதுவரை கூட்டிப் போய் ஆட்டக்காரர்கள் பயிற்சி எடுப்பதைக் காட்டுகிறேன் என்று சொல்லி வைத்திருக்கிறேன்.

கடைசியாக ஒரு சந்தேகம். அப்பாவுக்குச் சிவப்புச் சட்டை எடுத்தாயிற்று. அலபாமா வந்தால் அவர்களும் சிவப்புதானே?

நாய்க்குட்டி_09

அவர்களுடையது கொஞ்சம் அடர் சிவப்பு, தூரத்திலிருந்து எவனுக்கும் வித்தியாசம் தெரியாது. கறுப்பில் ஜி போட்ட தொப்பி ஒன்று வாங்கிக் கொடுத்துவிடுங்கள். இல்லையென்றால் அலபாமாக்காரர்கள் வந்து "ரோல் டைட்" என்று தங்கள் கோஷத்தைச் சொல்லிக் கை கொடுப்பார்கள், அவரும் மரியாதைக்குச் சிரித்துக்கொண்டே திருப்பிச் சொல்லிவிடுவார், மகள் மாதக்கணக்கில் பேச மாட்டாள்.