ஃபைஸியின் நூல் ராவுத்தர் வீட்டுப் பாகப்பிரிவினைக்குச் செல்லுமா?

மேலூர் மாணவி:
அஸ்ஸலாமு அலைக்கும். மதுரையில் சட்டம் இறுதியாண்டு படிக்கிறேன். பழைய புத்தகக் கடையில் ஆசஃப் அலி அஸ்கர் ஃபைஸி எழுதிய ‘அவுட்லைன்ஸ் ஆஃப் முஹம்மதன் லா’ கிடைத்தது. முன்பு வைத்திருந்தவர் வாரிசுரிமை அத்தியாயத்தின் ஓரமெல்லாம் பென்சிலால் பின்னக் கணக்குப் போட்டிருக்கிறார். அதைப் புரட்டிய என் மாமா, “இவர் போரா, ஷீஆப் பிரிவு; நாம் சுன்னிகளில் ஹனஃபிச் சட்டவழி. இவர் எழுத்து நமக்கு எப்படிச் செல்லும்?” என்று கேட்டார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. விவரம் அறிந்தவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

ஓய்வுபெற்ற வழக்கறிஞர், கே.கே. நகர்:
மகளே, மாமா சொன்னதில் பாதி சரி. ஃபைஸி (1899–1981) ஷீஆக்களில் இஸ்மாயீலிப் பிரிவைச் சேர்ந்த சுலைமானி போரா குடும்பத்தில் பிறந்தவர். ஆனால் அந்த நூல் ஹனஃபிச் சட்டத்தையும் ஷீஆச் சட்டத்தையும் தனித்தனியே காட்டி, இந்திய நீதிமன்றங்கள் எங்கே எதைப் பின்பற்றின என்று சொல்லும் நூல். தம் மரபைப் பிறர் மீது ஏற்றும் நூல் அன்று. மதுரைக்கு உயர் நீதிமன்றக் கிளை 2004-இல்தான் வந்தது. அதற்கு முன்பு மேல்முறையீடு என்றால் சென்னைதான். பாண்டியன் எக்ஸ்பிரஸில் மேல் படுக்கையில் கிடந்தபடி அந்த நூலைப் பலமுறை படித்திருக்கிறேன்.

அவருடைய பலம் அரபு. ‘ஹிதாயா’ என்ற ஹனஃபிச் சட்ட நூலுக்கு 1791-இல் ஹாமில்டன் செய்த ஆங்கில ஆக்கம் அரபு மூலத்திலிருந்து வந்ததன்று, பாரசீக மொழிபெயர்ப்பிலிருந்து வந்தது. நம் நீதிமன்றங்கள் நெடுங்காலம் அதைத்தான் நம்பியிருந்தன. ஃபைஸியோ மூலத்தை நேரே படித்தவர். பத்தாம் நூற்றாண்டின் காளி (நீதிபதி) நுஃமான் எழுதிய ‘தஆயிமுல் இஸ்லாம்’ என்ற இஸ்மாயீலிச் சட்ட நூலைப் பதிப்பித்து, 1951-லும் 1960-லும் கெய்ரோவில் இரு தொகுதிகளாக வெளியிட்டார். இதற்கிடையே பம்பாய் அரசுச் சட்டக் கல்லூரியின் முதல்வராகவும் எகிப்துக்கான தூதராகவும் ஜம்மு காஷ்மீர் பல்கலைக்கழகத் துணைவேந்தராகவும் இருந்தார் என்பது எனக்கு இன்றும் வியப்புத்தான். தம்மிடமிருந்த இஸ்மாயீலிச் சுவடிகளையும் பம்பாய்ப் பல்கலைக்கழக நூலகத்துக்கே கொடுத்துவிட்டார்.

மௌலவி, கோரிப்பாளையம்:
வழக்கறிஞர் ஐயா சொன்ன புலமையை மறுப்பதற்கில்லை. ஆனால் 1963-இல் வெளிவந்த ‘எ மாடர்ன் அப்ரோச் டு இஸ்லாம்’ நூலில் அவர், மார்க்கம் வேறு, சட்டம் வேறு, சட்டம் காலத்துக்கேற்ப மாறக்கூடியது என்று வாதிட்டார். ஃபிக்ஹை, அதாவது மார்க்கச் சட்டத்தை, ஓதியவர்களால் இதை அப்படியே ஏற்க முடியாது. மஹரும் (கணவன் மனைவிக்குத் தர வேண்டிய மணக்கொடை) வாரிசுப் பங்கும் எங்களுக்கு வணக்கத்தோடு சேர்ந்தவை. ஆகவே, சட்ட விவரத்துக்கு அவரைப் படியுங்கள். மார்க்கத் தீர்ப்புக்கு உங்கள் மத்ஹபின் (சட்டவழியின்) ஆலிமிடம், அதாவது மார்க்க அறிஞரிடம், வாருங்கள். காயல்பட்டினத்து ஷாஃபிஈ மத்ஹபினருக்கும் இதையே சொல்வேன்.

மேலூர் மாணவி:
இருவருக்கும் நன்றி. ஒரு கணக்கைச் சரிபார்க்க முடியுமா? அத்தா (தந்தை) இறந்துவிட, அம்மாவும் இரண்டு மகள்களும் அத்தாவின் உடன்பிறந்த தம்பியான சின்னத்தாவும் மட்டுமே இருந்தால், அம்மாவுக்கு 1/8, மகள்களுக்குச் சேர்த்து 2/3, மீதி 5/24 சின்னத்தாவுக்கு என்று எனக்கு வருகிறது.

ஓய்வுபெற்ற வழக்கறிஞர், கே.கே. நகர்:
ஹனஃபிக் கணக்கு அதுவே. ஷீஆச் சட்டத்தில் மகள்கள் இருக்கும்போது சின்னத்தாவுக்கு ஒன்றும் கிடையாது. ஃபைஸி மரபு பார்த்து எழுதியிருந்தால் இந்த 5/24-ஐ நீங்கள் அந்த நூலில் பார்த்திருக்கவே முடியாது. மாமாவிடம் அந்தப் பக்கத்தையே காட்டுங்கள்.

மௌலவி, கோரிப்பாளையம்:
கணக்குச் சரி. ஆனால் அம்மாவின் மஹர் கொடுக்கப்படாமல் பாக்கி நின்றிருந்தால் அது அத்தாவின் கடன். அடக்கச் செலவும் அந்தக் கடனும் வஸிய்யத்தும் (உயிலில் சொன்னதும்) போன பிறகுதான் 24 பங்கு போட வேண்டும்.