கலைச்சொல் வேண்டும்: ஜம்ப் கட், ராக்கோர் (அவசரம்)

க.: அன்பர்களே, பிரெஞ்சுப் படத்தொகுப்பாளர் செசில் தெக்யூஜி பற்றிய திரையிடல் கையேடு வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. இரண்டு சொற்கள் இடிக்கின்றன. காமிரா நிற்காமல் ஒரே ஓட்டத்தில் எடுத்த ஒரே ஷாட்டின் நடுவில் கொஞ்சம் பிரேம்களை எடுத்துவிட்டு முனைகளை ஒட்டுவது ஜம்ப் கட். வெவ்வேறு ஷாட்கள் பார்வை, திசை, அசைவு பொருந்தச் சேர்வது ராக்கோர்; பொருந்தாமல் சேர்ந்தால் ஃபோ ராக்கோர். எல்லாவற்றையும் "வெட்டு" என்றால் குழம்பும்.

ந.: ராக்கோருக்கு யாப்பிலக்கணத்தில் தளை இருக்கிறதே! நின்ற சீரின் ஈறும் வரும் சீரின் முதலும் பொருந்துவதுதானே? ஃபோ ராக்கோர் தளைதட்டல். ஜம்ப் கட் இடைக்குறை. ஓந்தி ஓதியானது போல நடு போய் முனைகள் சேர்கின்றன. இப்படிச் சொல் உருமாறும் செய்யுள் விகாரம் யாப்புக்காக வருவது. 'அ பூ த சூஃப்ல்' (1960) படத்தையும் ஒன்றரை மணி நேரத்துக்குள் அடக்கவே அப்படி வெட்டியதாக அதன் இயக்குநர் கோதார் பின்னாளில் சொன்னார். எழுத்தைக் குறைக்கும் தொகுத்தலும் ஒரு விகாரம்தான். ஆகவே படத்தொகுப்பு என்ற சொல்லிலேயே...

செ.: ஐயா, போதும். படத்தொகுப்பில் உள்ள தொகுத்தல் சேர்த்தல். படத்தொகுப்பைக் குறிக்கும் பிரெஞ்சு மோந்தாஜும் அதுவே. இடைக்குறை என்றால் இன்றைய வாசகர் குறைபாடு என்றே படிப்பார். அந்தப் படத்தின் கார் காட்சியைப் பாருங்கள். காமிரா நாயகி ஜீன் சீபர்கின் பிடரிக்குப் பின்னால். தலை அங்கேயே இருக்க, பாரிஸ் தெரு மட்டும் மாறிக்கொண்டே இருக்கிறது. நாயகன் பெல்மோந்தோவின் குரலோ அறுபடவில்லை. ஒலியைப் பிறகு டப் செய்ததால் படத்தை இஷ்டப்படி நறுக்க முடிந்தது. நொடிக்கு 24 பிரேமில் இரண்டு மூன்றை மட்டும் எடுத்தால் படச்சுருள் அறுந்து ஒட்டியதாகத் தோன்றும். தாராளமாக எடுத்தால்தான் வேண்டுமென்றே செய்தது தெரியும். தாவுவெட்டு என்று வைத்தால் எவருக்கும் புரியும்.

ம.: காட்சி விட்டுக் காட்சி போவதையும் தாவுவெட்டு என்பார்களே? வரையறை ஒரு வரி சேருங்கள். கையேட்டில் பாதி இயக்குநர் எரிக் ரோமேரின் படங்கள், அங்கே ராக்கோர்தான் முக்கியம். அவருடைய 'மா நுயி ஷே மோத்' (1969) படப்பிடிப்பின்போதே நேரடி ஒலிப்பதிவு; நடுவில் கை வைத்தால் பேச்சும் அறும். பேசுபவரை விட்டுக் கேட்பவர் முகத்தில் ஷாட் நிற்பதைத்தான் விளக்கவேண்டும். தளை வேண்டாம் ஐயா. அல்ஜீரிய விடுதலை முன்னணிக்கு உதவியதற்காகச் சிறை சென்றவர் தெக்யூஜி. அவரைப் பற்றிய கையேட்டில் தளை என்றால் விலங்குதான் நினைவுக்கு வரும்.

ந.: கவிஞர்கள் ஆயிரம் ஆண்டாகத் தளை என்கிறார்கள், எவரும் விலங்கென்று ஓடவில்லை.

க.: சரி, மூவர் ஒருபக்கம். தாவுவெட்டு, ராக்கோருக்குப் பொருத்தம், ஃபோ ராக்கோருக்குப் பொருத்தப்பிழை. முதல் இடத்தில் "ஜம்ப் கட் எனப்படும்" என்று சேர்க்கிறேன்.

ந.: தெரிந்தே செய்ததைப் பிழை என்பதா? "பொருந்தா இணைப்பு" என்றாவது போடுங்கள். இடைக்குறையை நான் விடுவதாக இல்லை. அடிக்குறிப்பிலாவது இடம் கொடுங்கள்.