மலையகத் தமிழர் சுயநிர்ணய உரிமைக்குள் எங்கே வருகிறார்கள்?

கேள்வி: கொட்டகலை ஆசிரியர்

வணக்கம். இலங்கையின் தேயிலைத் தோட்டங்களுக்கு வேலைக்கென இந்தியாவிலிருந்து வந்தவர்களின் வழிவந்த மலையகத் தமிழரில் நானும் ஒருவன். கொட்டகலைக்கு அருகிலுள்ள பாடசாலையொன்றில் உயர்தர வகுப்புக்கு அரசியல் விஞ்ஞானம் கற்பிக்கிறேன். சென்ற வாரம் இறைமை பற்றிய பாடத்தை முடித்துச் சுயநிர்ணய உரிமைக்கு வந்தோம். 1960 டிசம்பரில் ஐக்கிய நாடுகள் பொதுச்சபை நிறைவேற்றிய 1514 ஆம் இலக்கத் தீர்மானத்தையும், 1966 இன் இரண்டு சர்வதேச மனித உரிமை உடன்படிக்கைகளின் முதலாம் உறுப்புரையும் எல்லா மக்களுக்கும் சுயநிர்ணய உரிமை உண்டு என்று ஒரே விதமாகச் சொல்வதையும் கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்தேன். அப்போது ஒரு மாணவி எழுந்து, "சேர், வடக்கு கிழக்கைப் பற்றிப் படிக்கிறோம், கனடாவின் கியூபெக்கைப் பற்றிப் படிக்கிறோம். நாங்கள் இதில் எங்கே வருகிறோம்?" என்று கேட்டாள். அவளுடைய தாய் அந்த நேரத்தில் மலையில் கொழுந்து எடுத்துக்கொண்டிருந்திருப்பார். எதையாவது சொல்லி அவளை உட்கார வைக்க எனக்கு மனம் வரவில்லை. மறுநாள் பதில் தருகிறேன் என்றேன், இன்னும் தரவில்லை.

என்னுடைய சிக்கல் இதுதான். தேசம் என்றால் பொதுவான மொழி, பொதுவான நிலப்பரப்பு, பொதுவான பொருளாதார வாழ்வு, பண்பாட்டில் வெளிப்படும் பொதுவான மனப்பாங்கு ஆகியவை ஒருங்கே இருக்க வேண்டும் என்று 1913 இல் ஸ்டாலின் வரையறுத்தார். நம் பாடக்குறிப்புகளில் இன்றும் அதுவே சுற்றிச் சுற்றி வருகிறது. மொழி நமக்கு உண்டு. காலையில் வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டுக்களத்தையும் கொழுந்து நிறுக்கும் தராசையும் விடப் பொதுவான பொருளாதார வாழ்வு இந்தத் தீவில் வேறு யாருக்கு இருந்தது என்று எனக்குத் தெரியவில்லை. ஆனால் நிலப்பரப்பு என்று வரும்போது நான் தடுமாறுகிறேன். நுவரெலியா மாவட்டத்தில் 2012 கணக்கெடுப்பின்படி நாம் பாதிக்குச் சற்று மேல் இருந்தோம். பதுளை, கண்டி, மாத்தளை, இரத்தினபுரி, கேகாலை மாவட்டங்களில் தோட்டம் தோட்டமாகச் சிதறி, நடுவே சிங்களக் கிராமங்களோடு கலந்து வாழ்கிறோம். அப்படியானால் நாம் தேசிய இனமா, சிறுபான்மையினரா, அல்லது வடக்கு கிழக்குத் தமிழ்த் தேசத்தின் ஒரு பகுதியா? மாணவிக்கு நேர்மையாகச் சொல்லக்கூடிய பதில் எது?

பதில் 1: பசறை, ஓய்வுபெற்றவர்

ஆசிரியர் தம்பிக்கு வணக்கம். கோட்பாட்டைப் படித்தவர்கள் இங்கே இருக்கிறார்கள், அவர்கள் அதைச் சொல்லட்டும். என் வீட்டில் ஒரு பிஸ்கட் பேணி இருக்கிறது. அதற்குள் இருக்கும் கடதாசிகளைப் பற்றி மட்டும் நான் சொல்கிறேன்.

1964 ஒக்டோபர் 30 இல் இலங்கைப் பிரதமர் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் இந்தியப் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரியும் எங்களைப் பங்கிடும் ஒப்பந்தத்தில் ஒப்பமிட்டார்கள். 1948 இன் பிரஜாவுரிமைச் சட்டத்துக்குப் பிறகு நாடற்றவர்கள் என்று கணக்கிடப்பட்டோர் 9,75,000 பேர். இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000, மிச்சம் 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்வோம் என்று எழுதினார்கள். அந்த மிச்சத்தை 1974 இல் ஆளுக்குப் பாதியாக, 75,000 வீதம் பிரித்துக்கொண்டார்கள். அரிசி மூட்டையைப் பங்கு போட்டாற்கூடப் பாதியில் நின்று நிறுத்துப் பார்ப்பார்கள். எங்களைப் பங்கு போட்டபோது எங்களில் ஒருவரையும் கேட்கவில்லை.

எங்கள் அப்பா இலங்கைப் பிரஜாவுரிமைக்கு விண்ணப்பித்தார், கிடைத்தது. அத்தையின் கணவர் இந்தியாவுக்கு எழுதிவிட்டார். எழுபதுகளில் ஒரு நாள் பதுளையிலிருந்து கோச்சியில் ஏற்றித் தலைமன்னாருக்கு அனுப்பினோம். அங்கிருந்து கப்பலில் இராமேஸ்வரம், பிறகு கூடலூர்ப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம். இங்கே பறித்த அதே கொழுந்தைத்தான் அங்கேயும் பறித்தார்கள். அத்தை எழுதிய கடிதங்கள் அந்தப் பேணியில் இருக்கின்றன. முதல் கடிதத்தில், இங்கே எங்களைச் 'சிலோன்காரர்கள்' என்கிறார்கள் என்று எழுதியிருக்கிறார்.

இதில் ஒரு விடயத்தை யாரும் எடுத்துச் சொல்வதில்லை. விண்ணப்பம் கோரியபோது, இந்தியாவுக்கு ஒதுக்கிய தொகைக்கு விண்ணப்பங்கள் போதவில்லை. இலங்கைக்கோ ஒதுக்கியதைவிட மிக அதிகமானோர் விண்ணப்பித்தார்கள். வாக்குரிமை பறிக்கப்பட்ட ஒரு சனம், விண்ணப்பப் படிவத்தின் வழியாகத் தன் விருப்பத்தைச் சொல்லிவிட்டது. அந்தப் படிவங்களை யாரும் வாக்குகளாக எண்ணவில்லை. சுயநிர்ணயம் என்றால் என்ன என்று உங்கள் மாணவி கேட்டால், அந்தப் படிவங்களை எண்ணாமல் விட்டதிலிருந்து தொடங்குங்கள் தம்பி.

பதில் 2: கண்டி, சட்டத்துறை

பசறை ஐயா சொன்னதை அரசியல் சிந்தனையின் மொழியில் வைத்துப் பார்க்க விரும்புகிறேன், ஏனெனில் அவர் தொட்டிருப்பது சுயநிர்ணயக் கோட்பாட்டின் அடிமுடிச்சையே. தேசம் என்பது ஒன்றாக வாழ விரும்புவோரின் அன்றாட வாக்கெடுப்பு என்று 1882 இல் பிரெஞ்சு அறிஞர் ரெனான் பாரிஸில் ஆற்றிய உரையில் சொன்னார். அந்த அளவுகோலை எடுத்துக்கொண்டால் மலையகத் தமிழர் தங்கள் வாக்கை அளித்துவிட்டார்கள். எங்கே வாழ்வது, யாரோடு வாழ்வது என்பதைச் சொல்லிவிட்டார்கள். ஆகவே ஸ்டாலினின் நான்கு நிபந்தனைகளில் ஒன்று குறைகிறதே என்று ஆசிரியர் கலங்க வேண்டியதில்லை. அந்த வரையறையே, நிலப்பரப்பு இல்லாத மக்களுக்கும் தேசிய உரிமை உண்டு என்று வாதிட்ட ஒஸ்திரிய சோசலிஸ்டுகளான கார்ல் ரென்னருக்கும் ஒட்டோ பவருக்கும் எதிராக எழுதப்பட்டது.

இதைவிடக் கடினமான கேள்வி வேறொன்று. மக்களே இறைமையின் ஊற்று என்றால், அந்த மக்கள் யார் என்பதை முடிவு செய்வது யார்? மக்கள் முடிவெடுக்க வேண்டும் என்பது நியாயமாகத் தோன்றினாலும், மக்கள் யார் என்பதை முன்னதாக ஒருவர் முடிவு செய்யாத வரை மக்களால் எதையும் முடிவு செய்ய இயலாது என்று 1956 இல் எழுதியவர் பிரித்தானிய அரசியலமைப்பு அறிஞர் ஐவர் ஜெனிங்ஸ். சுதந்திரத்தின்போது நடைமுறையிலிருந்த நமது சோல்பரி அரசியலமைப்பின் உருவாக்கத்தில், பின்னர் முதலாவது பிரதமரான டி.எஸ். சேனநாயக்கவுக்கு ஆலோசகராக இருந்தவரும், இலங்கைப் பல்கலைக்கழகத்தின் முதலாவது துணைவேந்தரும் அவரே. அவர் அதை எழுதுவதற்கு முன்பே இங்கே அந்த முடிவு எடுக்கப்பட்டிருந்தது. 1947 தேர்தலில் மலையகத் தமிழரின் கட்சியான இலங்கை இந்தியன் காங்கிரஸ் ஏழு ஆசனங்களை வென்றிருந்தது. 1948 பெப்ரவரியில் சுதந்திரம். அதே ஆண்டு முடிவதற்குள் 18 ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம், தந்தையோ, பாட்டனும் பூட்டனுமோ இத்தீவில் பிறந்ததற்குச் சான்று கேட்டது. பிறப்புப் பதிவு ஒழுங்காக இல்லாத காலத்துப் பூட்டனுக்குத் தோட்டத் தொழிலாளி எங்கிருந்து சான்று கொண்டுவருவார்? 1949 இல் தேர்தல் சட்டத் திருத்தம் வாக்குரிமையையும் எடுத்துக்கொண்டது. அதாவது, இறைமை கைக்கு வந்ததும் அது செய்த முதல் காரியங்களுள் ஒன்று, தன்னை ஈன்ற மக்களில் ஒரு பகுதியை மக்கள் அல்ல என்று அறிவித்ததாகும்.

இதற்கு எதிரான வழக்கு, அன்று இலங்கைக்கு இறுதி மேன்முறையீட்டு மன்றமாக லண்டனில் இருந்த கோமறைக் கழகம் (பிரிவி கவுன்சில்) வரை போயிற்று. எந்தச் சமூகத்துக்கும் பாதகமான சட்டம் இயற்றக் கூடாது என்ற 29(2) ஆம் பிரிவு அரசியலமைப்பில் இருந்தும், தன் பிரஜைகள் யார் என்று வரையறுப்பது ஓர் அரசின் இயல்பான அதிகாரம் என்று கொண்டு, 1953 இல் அச்சட்டங்கள் செல்லும் என்று தீர்ப்பளிக்கப்பட்டது. இந்தத் தீர்ப்பு தவறு என்பதே என் உறுதியான கருத்து. ஒரு சட்டத்தின் சொற்கள் பொதுவாக இருந்து, அதன் வெட்டு மட்டும் ஒரே சமூகத்தின் மேல் விழுமானால், அந்தச் சொற்களின் பொதுமைக்கு மதிப்பில்லை.

வகுப்பறைக்கு உதவக்கூடிய ஒரு பிரிப்பையும் சொல்லிவிடுகிறேன். சுயநிர்ணயத்துக்குப் புறமுகம் ஒன்று உண்டு, அது தனி அரசு. அகமுகம் ஒன்று உண்டு, அது ஓர் அரசுக்குள் தன் காரியத்தைத் தானே நடத்திக்கொள்வது. 1998 இல் கனடாவின் உயர் நீதிமன்றம் கியூபெக் குறித்துச் சொன்னது இதையே. நமது உயர் நீதிமன்றமும் 2017 ஓகஸ்ட் 4 இல், சமஷ்டி (கூட்டாட்சி) கேட்பது பிரிவினை கேட்பதாகாது என்று தீர்ப்பளித்தது. பிரிவினையை ஆதரிப்பதைத் தடைசெய்யும் அரசியலமைப்பின் ஆறாம் திருத்தத்தை நினைத்து இந்தப் பாடத்தைத் தயங்கிக் கற்பிக்கும் ஆசிரியர்கள் இதை அறிந்திருப்பது நல்லது.

சிதறி வாழும் மக்களுக்கான அகச் சுயநிர்ணயம் கற்பனையும் அல்ல. 1925 இல் எஸ்தோனியா பண்பாட்டுத் தன்னாட்சிச் சட்டம் இயற்றி, எந்த ஊரில் வாழ்ந்தாலும் ஜெர்மானியரும் யூதரும் தங்கள் பெயரைப் பதிந்து, தங்களுக்கென ஒரு சபையைத் தெரிந்து, தங்கள் பாடசாலைகளைத் தாங்களே நடத்த வழி செய்தது. நுவரெலியா, பதுளை, இரத்தினபுரி என்று பிரிந்திருக்கும் நமக்கு அதுபோன்ற ஒரு சபை ஏன் பொருந்தாது?

பதில் 3: லிந்துலை, காணி உரிமைச் செயற்பாட்டாளர்

கண்டியிலிருந்து எழுதியவரின் சட்ட விளக்கத்துக்கு நன்றி. என் வேலைக்கும் அது உதவும். ஆனால் எஸ்தோனிய மாதிரியில் நான் உடன்படவில்லை. அங்கே பதிவு செய்தவர்களுக்குச் சொந்த வீடும் சொந்த முகவரியும் இருந்தன. பாடசாலையை நடத்தும் சபையொன்றை நமக்குக் கொடுத்துவிட்டு, நாம் குடியிருக்கும் லயம் என்ற வரிசை வீடுகளை மட்டும் தோட்டக் கம்பனியின் கையில் விட்டுவிட்டால், அது காலுக்கடியில் மண் இல்லாத தன்னாட்சியாகவே இருக்கும்.

இறைமை மக்களுக்குரியது, அது பாராதீனப்படுத்த (பிறருக்குக் கைமாற்ற) முடியாதது என்று அரசியலமைப்பின் மூன்றாம் உறுப்புரை சொல்கிறது. அந்த இறைமை தோட்டத்தின் எல்லைக் கல்லோடு நின்றுபோனதை நாங்கள் கண்ணால் கண்டோம். 1987 இன் 15 ஆம் இலக்கப் பிரதேச சபைச் சட்டத்தின் 33 ஆம் பிரிவின் காரணமாக, பிரதேச சபைகள் தோட்டப் பகுதிகளில் தங்கள் நிதியைச் செலவிட முடியாதிருந்தன. நாங்கள் வாக்களித்தோம், எங்கள் வாக்கால் உறுப்பினர்கள் தெரிவானார்கள், ஆனால் அவர்களால் தாய்மார் வேலைக்குப் போகும்போது குழந்தைகளை விடும் எங்கள் பிள்ளைக்காம்பராவுக்குப் போகும் அரை மைல் பாதைக்கு ஒரு டிராக்டர் கல் கொட்ட முடியவில்லை. ஒவ்வொரு மாரியிலும் அந்தப் பாதையில் ஓடும் தண்ணீரில், தாய்மார் ஒரு கையில் பிள்ளையையும் மறு கையில் செருப்பையும் பிடித்துக்கொண்டு விடியற்காலை ஐந்தரைக்கு ஏறினார்கள். 2018 இல்தான் அந்தப் பிரிவு திருத்தப்பட்டது. முப்பத்தொரு ஆண்டுகள்.

காணியைப் பற்றிப் பேசும்போது டெவன் தோட்டத்தை மறக்க முடியாது. 1977 மே மாதத்தில், நுவரெலியா மாவட்டத்தில் ஏழாயிரம் ஏக்கர் தோட்டக் காணியைப் பங்கிடும் திட்டத்துக்கு எதிராகத் தொழிலாளர்கள் அங்கே திரண்டபோது அவர்களில் ஒருவரான சிவனு லட்சுமணன் பொலிஸாரின் சூட்டில் உயிரிழந்தார். அந்தத் திட்டம் நிறைவேறியிருந்தால், ஆசிரியர் சொல்லும் 'பாதிக்குச் சற்று மேல்' இன்று இருந்திருக்காது. நமக்கு நிலப்பரப்பு இல்லை என்று சொல்பவர்கள், அந்த நிலப்பரப்புக்காக ஒருவர் உயிர் கொடுத்ததையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். ஆகவே மாணவிக்கு என் பதில்: முதலில் வீடும் காணியும் பெயரில் எழுதப்பட்ட உறுதிப் பத்திரத்தோடு வரட்டும், பிறகு சபையின் வடிவத்தைப் பேசலாம். ஏழு பேர்ச்சஸ் என்ற சிறு துண்டுக் காணி என்றாலும், அது என் பெயரில் இருந்தால் என்னை யாரும் 'தோட்டத்து ஆள்' என்று எண்ணிக்கையில் சேர்க்க முடியாது.

பதில் 4: கிளிநொச்சி

என் பெற்றோர் 1977 வன்செயலுக்குப் பின் மலையகத்திலிருந்து வன்னிக்கு வந்தவர்கள். நாம் வடக்கு கிழக்குத் தமிழ்த் தேசத்தின் ஒரு பகுதியா என்ற கேள்விக்கு மட்டும் எழுதுகிறேன்.

தமிழருக்குத் தனி அரசு கோரிய 1976 மே 14 இன் வட்டுக்கோட்டைத் தீர்மானத்தை முழுதாகப் படியுங்கள். தோட்டத் தொழிலாளர்களில் பெரும்பாலோர் வடக்கு கிழக்குக்கு வெளியே வாழ்வதால், தனி அரசு விடயத்தில் தோட்டத் தொழிற்சங்கமான இலங்கைத் தொழிலாளர் காங்கிரஸ் தெரிவித்த மாற்றுக் கருத்து அந்தத் தீர்மானத்துக்குள்ளேயே பதியப்பட்டிருக்கிறது. 1985 இல் பூட்டானின் திம்புவில் இலங்கை அரசோடு நடந்த பேச்சில் தமிழ்த் தரப்பினர் வைத்த நான்கு கோட்பாடுகளில், தேசிய இனம், தாயகம், சுயநிர்ணயம் என்ற மூன்றுக்குப் பிறகு, இந்த நாட்டைத் தாயகமாகக் கொண்ட எல்லாத் தமிழருக்கும் பிரஜாவுரிமை என்ற நான்காவதில்தான் மலையக மக்கள் வருகிறார்கள். மலையகத் தொழிற்சங்கம் எதுவும் அந்த மேசையில் இருக்கவில்லை. நான்காவது கோட்பாட்டை வைத்தவர்களின் நல்லெண்ணத்தை நான் குறைத்துச் சொல்லவில்லை. வடக்கு கிழக்குத் தமிழரின் தலைவர் செல்வநாயகம் பிரஜாவுரிமைச் சட்டத்தை எதிர்த்துத் தமிழ்க் காங்கிரஸை விட்டுப் பிரிந்ததை எங்கள் வீட்டில் நன்றியோடு சொல்வார்கள். ஆனாலும் நம்மைக் குறித்து நாமல்லாதவர்கள் பேசுவது, அவர்கள் உறவினராக இருந்தாலும், சுயநிர்ணயமாகாது.

ஆசிரியரின் மறுமொழி

எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி. லிந்துலை அக்கா சொல்வது போலக் காணி முதலா, கண்டி நண்பர் சொல்வது போலச் சபை முதலா என்பதில் நான் இன்னும் முடிவுக்கு வரவில்லை. சபை இல்லாமல் காணியை எவ்வாறு கேட்டுப் பெறுவது என்ற ஐயம் எனக்கு இருக்கிறது. டெவனில் காணியைக் காத்தது ஒரு சபை அல்ல, வீதிக்கு வந்த சனம் என்பதும் தெரிகிறது. வகுப்பில் இதை இரு தரப்பாகப் பிரித்து வாதாட விடப்போகிறேன். ஆனால் வாதத்துக்கு முன், நாம் எங்கே வருகிறோம் என்று கேட்ட அந்த மாணவிக்கு, நம்மைக் கேட்காமல் நம்மைப் பற்றி முடிவெடுக்கப்பட்ட 1948, 1964 ஆகிய இடங்களில்தான் நம் சுயநிர்ணயக் கேள்வி தொடங்குகிறது என்று சொல்வேன்.

பசறை ஐயா, உங்கள் பேணியிலிருக்கும் அப்பாவின் பதிவுச் சான்றிதழை, பெயரையும் இலக்கத்தையும் மறைத்து, ஒரு படமெடுத்து அனுப்ப முடியுமா? பிள்ளைகளுக்குப் பிரதி எடுத்துக் கொடுக்க விரும்புகிறேன்.

பசறை, ஓய்வுபெற்றவர்

அனுப்புகிறேன் தம்பி. கடதாசி மடித்த இடத்தில் கிழிந்திருப்பதால் மகள் வந்ததும் மெதுவாக விரித்து எடுக்கச் சொல்கிறேன். அத்தையின் முதல் கடிதத்தையும் சேர்த்து அனுப்பட்டுமா? அவர் பெயர் உறையில் மட்டும்தான் இருக்கிறது.