மறுமதிப்பீட்டு முடிவு நான்கு மாதமாக வரவில்லை: சட்டப்படி என்ன செய்யலாம்?

கேள்வி:
பி.எஸ்சி. கணிதம் படித்தேன், மதுரைப் பக்கம். கடைசிப் பருவத்தில் கலப்பெண் பகுப்பாய்வுத் தாளில் மட்டும் நான்கு மதிப்பெண்ணில் தேர்ச்சி போய்விட்டது. விடைத்தாள் நகல் வாங்கினேன். 17ஆம் கேள்விக்கு இரண்டரைப் பக்கம் எழுதியிருக்கிறேன்; கடைசி வரியில் சிவப்பு மையில் சரிக்குறியும் இருக்கிறது. முகப்புக் கட்டத்தில் அந்த எண்ணுக்கு நேரே வெறும் கோடு! ஜூலையில் மறுமதிப்பீட்டுக்குப் பணம் கட்டினேன். இப்போது நவம்பர். தேர்வுப் பிரிவுக்கு மூன்று முறை போய்விட்டேன். அப்பாவும் கூலியை விட்டுவிட்டு உடன் வருகிறார். "அடுத்த வாரம்" என்பதைத் தவிர வேறு பதில் இல்லை. பி.எட். சேர்க்கை கைநழுவுகிறது. நுகர்வோர் நீதிமன்றம் போகலாமா?

பதில் 1:
அங்கே போகாதீர்கள். தேர்வு நடத்துவது விலைக்கு விற்கும் சேவை அல்ல என்று உச்ச நீதிமன்றம் 2009இலேயே சொல்லிவிட்டது. அலைச்சல்தான் மிஞ்சும்.

பதில் 2:
சகோதரி, என் தங்கைக்காக இதே வாசலில் நானும் நின்றிருக்கிறேன். நேரில் போய்க் கேட்டதற்கு எந்தச் சுவடும் இல்லை. எழுதிக் கொடுத்த பிறகுதான் கோப்பு நகர்ந்தது.

முதலில் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கு ஒரு பக்க மனு. 17ஆம் கேள்வி திருத்தப்பட்டும் மதிப்பெண் ஏறவில்லை என்பதை முதல் வரியிலேயே எழுதுங்கள். அசல் விடைத்தாளை அழிக்காமல் வைத்திருக்கவும் கேளுங்கள். இதை விட்டுவிடாதீர்கள்: திருத்திய தாளைப் பார்க்கும் உரிமை உண்டு என்று 2011இல் தீர்ப்பளித்த உச்ச நீதிமன்றமே, தாள் பாதுகாக்கப்படும் காலம் வரைதான் அது என்றும் சொன்னது.

அதோடு, தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி ஒரு மனு. தாள் மதிப்பீட்டாளருக்கு எந்தத் தேதியில் போனது, முடிவு சொல்ல விதிப்படி கெடு என்ன என்று மட்டும் கேளுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும்.

பல்கலைக்கழக மானியக் குழுவின் (யு.ஜி.சி.) 2023 விதிகள்படி மாணவர் குறைதீர்ப்புக் குழுவுக்கும் எழுதுங்கள். அதற்கு 15 வேலை நாள் கெடு. திருப்தி இல்லையென்றால் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம்.

சேர்க்கைக் கெடு நெருங்கினால் காத்திருக்க வேண்டாம். உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்கீழ் ரிட் மனு (பல்கலைக்கழகத்துக்கு உத்தரவிடக் கோரும் மனு) போடலாம். மதிப்பெண் போடச் சொல்லி நீதிபதியிடம் கேட்காதீர்கள், அதில் தலையிட நீதிமன்றங்கள் தயங்கும். "என் விண்ணப்பத்தை இத்தனை வாரத்துக்குள் முடித்து வைக்க உத்தரவிடுங்கள்" என்று கேளுங்கள். மனு கொடுத்த ஒப்புகை கையில் இருந்தால்தான் அந்த வாதம் நிற்கும்.

பதில் 3:
வழக்கறிஞர் செலவை நினைத்துப் பயப்படாதீர்கள். பெண்களுக்கு வருமானம் பார்க்காமல் இலவசச் சட்ட உதவி உண்டு. 15100க்கு அழைத்துப் பாருங்கள்.

கேட்டவர்:
நன்றி அண்ணா. மனு எழுதிவிட்டேன். 17ஆம் கேள்விப் பக்கத்தின் நகலையும் முகப்பு நகலையும் சேர்த்துத் தைத்திருக்கிறேன். நாளை தபாலில் ஒன்று. நேரில் ஒன்று கொடுத்து முத்திரையும் வாங்குகிறேன். அப்பா வேலைக்குப் போகட்டும், நான் தனியாகவே போய் வருகிறேன்.