வேலைக்குப் போற பெண்கள் வாற ஜப்பான் ஊமைப்படம் எது, தமிழில எப்படிக் காட்டுறது?

குளக்கட்டு:
மாங்குளம் பக்கம் ஒரு சனசமூக நிலையத்தில சனிக்கிழமை பின்னேரம் படம் போடப்போறம். வாறது கூடுதலா காமென்ஸ் எண்ட உடுப்புத் தொழிற்சாலையளுக்கும் கடைகளுக்கும் வேலைக்குப் போற பெண்பிள்ளையள். எட்டு மணிக்கு முதல் வீட்டை போகவேணும். படத்துக்கு நடுவில வசனம் காட்டுற எழுத்து அட்டையள் ஜப்பான் மொழி, கீழ இங்கிலிஷ். தமிழுக்கு என்ன வழி?

பனங்கூடல்:
ஜப்பான் இயக்குநர் ஓசுவின்ர 'டோக்கியோ நோ ஒன்னா' (டோக்கியோப் பெண், 1933) எடுங்கோ. 47 நிமிசம்தான். அக்கா பகலில கந்தோரில தட்டச்சு, தம்பியின்ர படிப்புச் செலவுக்கு இரவில இன்னொரு வேலை. அதே வருசம் வந்த அவரின்ர 'ஹிஜோசென் நோ ஒன்னா'விலயும் (இங்கிலிஷில Dragnet Girl) நடிகை தனாக்கா கினுயோ தட்டச்சுக்காரிதான். ரெக்கோட் கடையில நிக்கிற பிள்ளையும் வருவா. தொடக்கத்தில கொளுவியிருக்கிற தொப்பி வரிசையில ஒண்டு தானா விழும், பாக்க வேணும்! ஆனா 100 நிமிசம், உங்களுக்கு நேரம் காணாது.

நந்திக்கடல்:
தமிழ் வரி போடுறதெண்டா பாமினி எண்ட பழைய எழுத்துருவில அடிச்சதை அப்பிடியே எஸ்ஆர்டி (.srt) எண்ட வசனவரிக் கோப்பில ஒட்டாதேங்கோ, திரையில இங்கிலிஷ் எழுத்துக் குப்பைதான் வரும். யூனிகோடுக்கு மாத்தி, யூடிஎஃப்-8 (UTF-8) இல சேமியுங்கோ. பெட்டி பெட்டியாத் தெரிஞ்சா படம் போடுற விஎல்சி (VLC) மென்பொருளில தமிழ் எழுத்துரு ஒண்டைத் தெரிவு செய்யுங்கோ.

அதைவிட ஒராள் மைக்கில சொல்லுறது நல்லம். ஜப்பானிலயும் பென்ஷி எண்டு திரைக்குப் பக்கத்தில இருந்து கதை சொன்னவை. பேசும்படம் 1931இல வந்தும் ஊமைப்படம் கனகாலம் ஓடினதுக்கு அவையும் ஒரு காரணம்.

குளக்கட்டு:
சொல்லுறவருக்கு என்ன குடுக்கிறது?

நந்திக்கடல்:
ஒவ்வொரு அட்டைக்கும் நேரத்தையும் தமிழ் வசனத்தையும் பெரிய எழுத்தில அச்சடிச்சுக் குடுங்கோ. அட்டை ஒண்டு சில செக்கன்தான் நிக்கும். வாய்விட்டு வாசிச்சுப் பாத்து, நீண்டதை வெட்டுங்கோ. இல்லாட்டி அடுத்த முகம் வந்த பிறகும் பழைய வசனம் ஓடும். மைக் ஸ்பீக்கருக்கு முன்னால வந்தா கூவும், பின்னால வையுங்கோ.

'டோக்கியோ நோ ஒன்னா'வில கெட்ட சேதி ஒண்டு பக்கத்து மணிக்கூட்டுக் கடைப் போனுக்கு வரும், சுவரெல்லாம் மணிக்கூடு. அதில மட்டும் வாய் திறக்கக்கூடாது. விளக்கம் சொன்னா காட்சி செத்துப்போம்.

பனங்கூடல்:
வேகத்தையும் பாருங்கோ. 47 நிமிசப் பிரதி செக்கனுக்கு 24 சட்டகம். நடை இயல்பா இருந்தா கை வைக்காதேங்கோ. ஆக்கள் துள்ளித் துள்ளி ஓடினா 0.75க்குக் குறைக்கலாம், ஆனா படம் 63 நிமிசமாகும். யன்னலுக்குக் கறுப்புத் துணி. நீலத் தறப்பாள் வெளிச்சத்தை விடும்.