பிரைடல் ஷவர் செலவு யாருடையது? அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்

வணக்கம் தோழிகளே. நான் நியூ ஜெர்சியில் இருக்கிறேன். கல்லூரியில் என்னோடு ஒரே அறையில் தங்கிய அமெரிக்கத் தோழிக்கு அக்டோபரில் கல்யாணம். மெய்ட் ஆஃப் ஆனராக, அதாவது முதன்மை மணத்தோழியாக, இருக்க முடியுமா என்று அவள் கேட்டபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது.

இப்போது பிரைடல் ஷவரில்தான், அதாவது கல்யாணத்துக்கு முன் மணப்பெண்ணுக்குப் பரிசு கொடுத்து நடத்தும் விருந்தில்தான், சிக்கல். என் வீட்டிலேயே 20 பேருக்கு மதிய விருந்து, அதற்கு நாங்கள் ஆளுக்கு 100 டாலர் போடுவது என்று மணத்தோழிகள் ஐந்து பேரும் பேசி வைத்திருந்தோம். மாப்பிள்ளையின் அம்மா 55 பேர் பட்டியலோடு ஓர் உணவகத்தில் ஹாலே பேசி முடித்துவிட்டார். தலைக்கு 48 டாலர். வரியும் டிப்ஸும் தனி. "மணத்தோழிகள் கொடுப்பதுதானே வழக்கம்" என்கிறார்.

விருந்தை நடத்துபவர் செலவை ஏற்பதுதான் இங்கே வழக்கம். நம் ஊர் நலங்கிலும் அழைக்கிற வீட்டுக்காரர்தானே செய்வார்? அழைப்பதும் இடம் பார்ப்பதும் அவர், பணம் மட்டும் நாங்களா? எங்களில் ஒருத்தி இன்னும் படிக்கிறாள். உடைக்கும், கல்யாணத்துக்கு முன் தோழிகள் சேர்ந்து போகும் பேச்சலரெட் பயணத்துக்குமே கடன் வாங்கியிருக்கிறாள். அவளிடம் இன்னும் கேட்க எனக்கு மனம் வரவில்லை.

எங்கள் 500 டாலரைக் கொடுத்துவிட்டு மீதியை அவரையே ஏற்கச் சொல்லலாமா? அப்புறம், என் தோழிக்கு மாமியாரோடு மனக்கசப்பு வராமல் இதை எப்படிப் பேசுவது? இங்கே மணத்தோழியாக இருந்த அக்காக்கள் சொல்லுங்கள். ஞாயிற்றுக்கிழமைக்குள் முன்பணம் கட்ட வேண்டும்.