இம்பர் போய் வந்தேன்

ஆகஸ்டில் ஒரு சனிக்கிழமை இம்பருக்குப் போயிருந்தேன். இங்கிலாந்தின் வில்ட்ஷயரில், சாலிஸ்பரி சமவெளிக்கு நடுவே இருக்கிற சின்ன ஊர். ஊர் என்று சொல்கிறேனே தவிர 1943 டிசம்பருக்கு அப்புறம் அங்கே யாரும் குடியில்லை. ராணுவப் பயிற்சி நிலம் என்பதால் வருஷத்தில் சில நாள்தான் பாதையைத் திறந்துவிடுகிறார்கள், அதில் ஒரு நாள் வார்மின்ஸ்டர் ரயில் நிலையத்திலிருந்து பழைய லண்டன் சிவப்பு மாடி பஸ்கள் ஓடும். மேல் மாடியில் முன் சீட் கிடைத்தது. வழியெல்லாம் புல்வெளி, துருப்பிடித்த டாங்கிகள், வெடிக்காத குண்டு கிடக்கலாம் பாதையை விட்டு இறங்காதீர்கள் என்ற பலகைகள்.

இறங்கியதும் ஜன்னலே இல்லாத மொட்டை வீடுகளைப் பார்த்து, இவைதான் அந்தக் காலத்து வீடுகள் போல என்று நினைத்துவிட்டேன். இல்லையாம். வட அயர்லாந்துக்குப் போகும் சிப்பாய்கள் தெருச்சண்டை பழகுவதற்காக 1970களில் ராணுவம் கட்டியவை.

பழசு என்று முழுசாக நிற்பது செயின்ட் ஜைல்ஸ் சர்ச்தான், 13ஆம் நூற்றாண்டுக் கட்டடம். அதன் கல்லறைத் தோட்டத்தில் ஒரு பெரியவர் புல்லைப் பிடுங்கிக்கொண்டிருந்தார். அவருடைய அம்மா இந்த ஊரில் வளர்ந்தவராம், இறந்தபின் இங்கேயே கொண்டுவந்து புதைத்திருக்கிறார்கள். நான் கேட்காமலே சொல்ல ஆரம்பித்தார். 1943 நவம்பர் 1 அன்று ஊர்ச்சனத்தைப் பள்ளிக்கூடத்துக்குக் கூப்பிட்டு, அமெரிக்கப் படைகள் பயிற்சி எடுக்க இடம் வேண்டும், 47 நாளில் காலி பண்ணுங்கள் என்றார்களாம். நிலத்தில் பெரும்பகுதியை ராணுவ அமைச்சகம் முன்பே வாங்கியிருந்ததால் மக்கள் வெறும் வாடகைதாரர்கள், எதிர்த்துப் பேச வழியில்லை. போர் முடிந்ததும் திரும்பிவிடலாம் என்று நம்பித்தான் சுமார் 150 பேரும் கிளம்பினார்கள். அவருடைய பாட்டி வீட்டைப் பெருக்கி, அடுப்பைத் துடைத்துவிட்டுத்தான் கதவைச் சாத்தினாராம். வாக்குறுதியை யாரும் எழுதி வாங்கவில்லை. அந்த ஒரு காகிதம் இல்லாததுதான் எல்லாவற்றுக்கும் காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது.

ஊர்க் கொல்லர் ஆல்பர்ட் நாஷ் செய்தி கேட்டுப் பட்டறைக் கல்மேல் சாய்ந்து அழுதாராம். வெளியேறிய கொஞ்ச காலத்திலேயே அவர் இறந்துபோனார், உடலை இங்கேதான் அடக்கம் செய்தார்கள். 1961 ஜனவரியில் ஆயிரக்கணக்கானோர் தடையை மீறி ஊருக்குள் நுழைந்து போராடியும் ஊர் திரும்பக் கிடைக்கவில்லை. சர்ச்சுக்கு வர மட்டும் வருஷத்தில் சில நாள் விடுகிறார்கள். போருக்காக வீட்டைக் கொடுத்தவர்களுக்கு இது நியாயமே இல்லை.

கடைசி பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. பெரியவர் என்னோடு வேலி வரை வந்து, "அம்மா வீடு அதோ, அந்த மரத்துக்குப் பின்னால்" என்று கை காட்டினார். நான் பார்த்தவரை அங்கே முட்புதர்தான் இருந்தது. அவர் இன்னும் கொஞ்ச நேரம் அங்கேயே நின்றார், டிரைவரும் ஹாரன் அடிக்காமல் காத்திருந்தார்.